வயலுக்கு வக்காலத்து யார்?

கேரளத்தில் நெல்வயலை மனையாக்க அரசு வாங்கும் கட்டணம் ‘நியாயவிலை’ என்ற ஓர் எண்ணை நம்பி நிற்கிறது. அந்த எண் அதிகம் என்று வாதாட ஆள் இருக்கிறது. குறைவு என்று வாதாடத்தான் யாருமில்லை.

கோவையிலிருந்து மேற்கே போகும் ரயில் வாளையாற்றைத் தாண்டியதும் காடு விலகி, பனைமர வரிசைகளுக்கிடையே பாலக்காட்டு வயல்கள் விரியத் தொடங்கும். பச்சை சீராக ஓடிக்கொண்டே இருக்கையில் திடீரென்று ஒரு செம்மண் மேடு வரும். சுற்றிலும் வெட்டுக்கல் சுவர், மேட்டின் நடுவே நாலைந்து தென்னங்கன்றுகள், ஓரத்தில் போன் நம்பர் எழுதிய தகரப் பலகை. சுவருக்கு அந்தப் பக்கம் நாற்று நிற்கிறது, இந்தப் பக்கம் மனை காத்திருக்கிறது. நடுவில் உள்ள உயர வித்தியாசம் மூன்றடியோ நாலடியோ தான். மண் என்றைக்குக் கொட்டப்பட்டது என்று விசாரித்தால் ஊரில் ஒருவரும் வாய் திறக்கமாட்டார்கள். அநேகமாக அது தாலுகா ஆபீஸ் பூட்டிக் கிடந்த தொடர் விடுமுறையாக இருக்கும். தென்னங்கன்றும் நிழலுக்காக வைத்ததில்லை. ‘இது வயலில்லை, தோட்டம்’ என்று பின்னால் சொல்வதற்கான சாட்சி அது.

இப்படி மேடான நிலத்துக்கும், நிஜமாகவே பல பத்தாண்டுகளாக வீடு நின்றும் ஏட்டில் மட்டும் வயலாக இருக்கிற நிலத்துக்கும் சட்டம் ஒரே வாசலைத்தான் வைத்திருக்கிறது. மனுப் போட்டு, நிலத்தின் அரசு மதிப்பில் ஒரு பங்கைக் கட்டணமாகக் கட்டி, வகையை மாற்றிக்கொள்ளலாம். ஆகவே அந்த மதிப்பு சரியா, தவறா, யார் அதைக் கேள்வி கேட்கலாம் என்பவை ஆபீஸ் சமாச்சாரங்களாகத் தோன்றினாலும், கேரளத்தில் மிச்சமிருக்கும் நெல்வயலின் ஆயுள் அவற்றில்தான் இருக்கிறது.

‘நிலம்’ என்றால் வயல்

தமிழ் வாசகர்களுக்கு முதலில் இரண்டு சொற்களைப் பிரித்துச் சொல்லவேண்டும். கேரள வருவாய் ஏட்டில் ‘நிலம்’ என்று எழுதியிருந்தால் அது பொதுவான நிலம் இல்லை. நாம் நஞ்சை என்கிறோமே, அது. வீடும் தோட்டமும் இருக்கிற மேட்டு நிலத்துக்கு அங்கே ‘புரயிடம்’ என்று பெயர். இரண்டாவது சொல் ‘நியாயவிலை’. நமக்கு அதைக் கேட்டதும் ரேஷன் கடை நினைவுக்கு வரும். அங்கே அது நிலத்துக்கு அரசு குறித்த விலை, நம் வழிகாட்டி மதிப்பின் உடன்பிறப்பு. தன் வயலை மூடிக்கொண்டு வெளிமாநில அரிசியை எதிர்பார்க்கிற மாநிலத்தில் இந்தப் பெயர்ப் பொருத்தம் கொஞ்சம் குறும்பானதுதான்.

1970-களின் நடுவில் கேரளத்தில் சுமார் 8.8 லட்சம் ஹெக்டேரில் நெல் விளைந்தது. இன்றைக்கு அது 2 லட்சத்தை ஒட்டி வந்து நிற்கிறது. வயலை வேறு பயனுக்கு மாற்ற கலெக்டரின் அனுமதி வேண்டும் என்று 1967-லேயே நிலப் பயன்பாட்டு ஆணை இருந்தும் சரிவு நிற்கவில்லை. 2008-ல் வந்த நெல்வயல் மற்றும் ஈரநிலப் பாதுகாப்புச் சட்டம் வயலை மூடுவதற்கு நேரடியாகத் தடை போட்டது. எவை வயல் என்று பஞ்சாயத்துதோறும் கணக்கெடுத்து ‘டேட்டா பேங்க்’ தயாரிக்கச் சொன்னது. அந்தப் பட்டியல் பல இடங்களில் தப்பும் தவறுமாக வந்தது. வீடுகளும் ரப்பர்த் தோட்டங்களும் வயலாகப் பதிவாயின. மறுபக்கம், ஏட்டில் ‘நிலம்’ என்றிருந்தும் பட்டியலில் ஏறாத துண்டுகள் ஏராளமாக மிஞ்சின. இந்த மிச்சத்துக்குத்தான் 2018-ல் திருத்தம் வந்து, ‘அறிவிக்கப்படாத நிலம்’ என்று ஒரு புது வகையை உண்டாக்கி, கட்டணம் கட்டினால் மாற்றலாம் என்று கதவைத் திறந்தது.

▪ பெட்டிச் செய்தி: வாசலும் கட்டணமும்
டேட்டா பேங்கில் உள்ள வயலை மூட முடியாது. சொந்த வீடு கட்ட மட்டும் பஞ்சாயத்தில் 10 சென்ட், நகராட்சி, மாநகராட்சியில் 5 சென்ட் வரை அனுமதி கேட்கலாம். பட்டியலில் தவறாகச் சேர்ந்திருந்தால் நீக்கச் சொல்லி வருவாய்க் கோட்டாட்சியரிடம் (ஆர்.டி.ஓ.) படிவம் 5-ல் மனுத் தரவேண்டும். செயற்கைக்கோள் படத்தை வைத்து நிலத்தின் பழைய நிலையைச் சரிபார்ப்பதும் உண்டு. ‘அறிவிக்கப்படாத நிலம்’ என்றால் வகை மாற்றத்துக்கு மனு. 2021-ல் திருத்திய விகிதப்படி 25 சென்ட் வரை இலவசம், அதற்கு மேல் ஓர் ஏக்கர் வரை நியாயவிலையில் 10 சதவிகிதம், ஏக்கரைத் தாண்டினால் 20 சதவிகிதம். நிலம் 50 சென்டுக்கு மேல் இருந்தால் அதில் பத்தில் ஒரு பங்கை நீர் சேமிப்புக்கு ஒதுக்கவேண்டும். பெரிய நிலத்தைத் துண்டு போட்டு இலவசத்தில் நுழைவதைத் தடுக்க, 2017 டிசம்பர் 30-ம் தேதி நிலவரமே அளவுகோல்.

2010-ல் எழுதிய எண்

நியாயவிலை முதன்முதலில் நடைமுறைக்கு வந்தது 2010 ஏப்ரலில். கேரள முத்திரைச் சட்டப்படி அதை நிர்ணயிப்பவர் ஆர்.டி.ஓ. சர்வே எண் வாரியாக, ஓர் ஏருக்கு (100 சதுர மீட்டர், ஏறத்தாழ இரண்டரை சென்ட்) இவ்வளவு என்று வகைப்படுத்தி எழுதினார்கள். வணிக முக்கியத்துவம் உள்ள மனை, பொதுப்பணித் துறைச் சாலையை ஒட்டிய மனை, பஞ்சாயத்துச் சாலை உள்ள மனை, தனியார் பாதை மட்டும் உள்ளது, வண்டி போக வழியே இல்லாதது, தோட்டம், வயல், பாறை, நீர் தேங்கும் இடம் என்று நீள்கிறது அந்த வரிசை. லட்சக்கணக்கான துண்டுகளை இப்படிப் பிரிக்கும்போது கை தவறாமல் இருக்காது. சாலை முகப்பில் உள்ள உட்பிரிவின் விலை, அதே சர்வே எண்ணில் உள்ளே தள்ளிக் கிடக்கும் துண்டுக்கும் ஒட்டிக்கொள்ளும். வழியே இல்லாத இடம் வழியுள்ள இடமாகிவிடும். நேர்மாறாகவும் நடக்கும். புறவழிச் சாலை வந்தபிறகும் ஏடு பழைய வண்டித்தடத்தையே நினைவில் வைத்திருக்கும்.

அன்றைய தவறு அன்றோடு நிற்கவில்லை. 2010-க்குப் பிறகு அரசு செய்ததெல்லாம் அந்த எண்ணை மொத்தமாகத் தூக்கிப் பிடித்ததுதான். 2014-ல் 50 சதவிகிதம், 2018, 2019, 2020, 2022 ஆகிய ஆண்டுகளில் பத்துப் பத்து சதவிகிதம், 2023-ல் 20 சதவிகிதம். பெருக்கிப் பார்த்தால் 2010-ன் ஒரு ரூபாய் இன்று 2 ரூபாய் 63 காசு. திருச்சூர் நகரின் மனைக்கும் அட்டப்பாடியின் சரிவுக்கும் ஒரே பெருக்கல்தான். அசலில் இருந்த பிழையும் கூடவே பெருகியது. ஒரு கணக்குக்காக, 2010-ல் ஓர் ஏருக்கு ₹20,000 என்று எழுதவேண்டிய துண்டுக்கு வகை தவறி ₹60,000 எழுதிவிட்டார்கள் என்று வைத்துக்கொள்வோம். 20 ஏர் நிலத்துக்கு, முழுப் பரப்புக்கும் 10 சதவிகிதம் என்றால் இன்று கட்டவேண்டியது ₹1.05 லட்சம். ஏட்டுத் தவறால் கேட்கப்படுவது ₹3.16 லட்சம். (25 சென்டைத் தாண்டிய நிலத்தில் முழுப் பரப்புக்கும் கட்டணமா, தாண்டிய பகுதிக்கு மட்டுமா என்பது நீதிமன்றம் ஏறிய வேறொரு சண்டை.) இரண்டு லட்சத்துக்கு மேல் வித்தியாசம் என்னும்போது உரிமையாளர் கலெக்டரிடம் மேல்முறையீடு செய்யாமல் இருந்தால்தான் ஆச்சரியம்.

அந்த மேல்முறையீட்டின் நியாயத்தில் எனக்குச் சந்தேகமே இல்லை. அரசு ஓர் எண்ணை எழுதி அதன்மேல் பணம் கேட்டால், எண் எப்படி வந்தது என்று கேட்பது குடிமகனின் உரிமை. தமிழ்நாட்டிலும் இதே பாடம் நடந்தது. 2017 ஜூனில் வழிகாட்டி மதிப்பை ஒரே வீச்சில் 33 சதவிகிதம் குறைத்தார்கள். 2023 மார்ச்சில் ஒரு சுற்றறிக்கை போட்டுப் பழைய மதிப்புக்கே திருப்பினார்கள். மக்களின் கருத்தைக் கேட்காமல், விதிகளில் உள்ள நடைமுறையைப் பின்பற்றாமல் மதிப்பை மாற்றமுடியாது என்று சென்னை உயர் நீதிமன்றம் அந்தச் சுற்றறிக்கையை ரத்து செய்தது. அதன்பிறகுதான் முறைப்படியான திருத்தம் 2024 ஜூலையில் வந்தது. மதிப்பு என்பது மேலிருந்து இறங்கும் கட்டளை இல்லை, எதிர்வாதத்துக்குக் காது கொடுத்தபிறகே நிற்கக்கூடியது என்பதுதான் அங்கே ஏற்கப்பட்ட வாதம். என் கேள்வி அதற்கு அடுத்த படியில் இருக்கிறது: எதிர்வாதம் யாருடையது?

▪ பெட்டிச் செய்தி: விலை தவறு என்று தோன்றினால்
பதிவுத் துறை இணையதளத்தில் சர்வே எண்ணையும் உட்பிரிவையும் போட்டு விலையைப் பாருங்கள். விலைக்கு முன்னால் வகையைப் பாருங்கள். பெரும்பாலும் தவறு அங்கேதான் இருக்கும். அக்கம்பக்கத்து உட்பிரிவுகளுக்கு என்ன வகை, என்ன விலை என்று குறித்துக்கொள்ளுங்கள். சாலைக்கு எவ்வளவு தூரம், பாதையின் அகலம் என்ன, தண்ணீர் நிற்குமா என்பதை சர்வே வரைபடமும் படங்களும் பேசவேண்டும். மேல்முறையீடு மாவட்ட கலெக்டரிடம். அவர் கேட்கும் அறிக்கை கிராம அலுவலகத்திலிருந்தும் தாலுகாவிலிருந்தும் போகும் என்பதால், நேரில் பார்வையிடும்போது உடன் இருப்பது நல்லது.

பத்திரம் தரும் சாட்சி

மேல்முறையீட்டில் சாட்சியாக வைக்கப்படுவது பெரும்பாலும் அக்கம்பக்கத்து விற்பனைப் பத்திரங்கள். இங்கேதான் கணக்கு தன் வாலைத் தானே கடிக்கிறது. பத்திரத்தில் எழுதும் தொகைக்கு முத்திரைத் தீர்வை கட்டவேண்டும். நியாயவிலைக்குக் கீழே எழுத முடியாது, மேலே எழுத யாருக்கும் மனம் வராது. ஆகவே கைமாறியது எவ்வளவு ஆனாலும் பத்திரத்தில் நியாயவிலையோ அதற்குச் சற்று மேலோதான் இருக்கும். அந்தப் பத்திரத்தையே கொண்டுவந்து, ‘பாருங்கள், இந்தப் பகுதியில் இவ்வளவுதான் போகிறது, என் நிலத்துக்கு மட்டும் ஏன் கூடுதல்?’ என்று கேட்கலாம். நியாயவிலை பத்திரத்தை உருவாக்குகிறது, பத்திரம் நியாயவிலையைக் காப்பாற்றுகிறது. சந்தை விலை என்று ஒன்று வெளியே உலாவிக்கொண்டிருந்தாலும் இந்த அறைக்குள் அது நுழைவதே இல்லை.

அதே நிலத்தின் உரிமையாளர் இன்னொரு அறையில் வேறு வாதம் வைப்பார். சாலை விரிவாக்கத்துக்கு நிலம் எடுக்கிறார்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள். 2013-ம் ஆண்டின் நில எடுப்புச் சட்டம், முத்திரைச் சட்ட மதிப்பு, அண்மைய விற்பனைகளின் சராசரி போன்றவற்றில் எது கூடுதலோ அதை அடிப்படையாகக் கொள்ளச் சொல்கிறது. அதன்மேல் 100 சதவிகித ஆறுதல் தொகையும் உண்டு. அப்போது ‘என் நிலத்தின் மதிப்பு ஏட்டில் இருப்பதைவிட மிக அதிகம்’ என்பார். வங்கியில் அடமானம் வைக்கும்போதும் அப்படித்தான். இதில் பித்தலாட்டம் என்று திட்ட ஒன்றுமில்லை. அவரவர் பக்கத்தை அவரவர் பேசுவார்கள். நில எடுப்பில் எதிரே அரசு உட்கார்ந்து குறைத்துப் பேசுகிறது, வங்கியில் மதிப்பீட்டாளர் உட்கார்ந்திருக்கிறார். வயல் மாற்றத்தில் மட்டும் எதிர் நாற்காலி காலி. நியாயவிலையை எழுதுவதும் ஆர்.டி.ஓ., வகை மாற்றத்தை அனுமதிக்கும் அதிகாரம் சட்டப்படி இருப்பதும் ஆர்.டி.ஓ.வுக்கே. மனுக்கள் மலையாகக் குவிந்ததால் 2024-ல் துணை கலெக்டர்களுக்கும் அந்த அதிகாரத்தைப் பிரித்துக்கொடுத்தார்கள். கோப்பை வேகமாக நகர்த்த வேண்டிய அழுத்தத்தில் இருப்பவரிடம், ‘இந்த விலை குறைவாக இருக்கிறதே’ என்று தானாகத் தோன்றும் என்று எதிர்பார்ப்பது பேராசை.

கலிஃபோர்னியாவின் இரண்டாவது நாற்காலி

இதே சிக்கலை அமெரிக்காவின் கலிஃபோர்னியா மாநிலம் வேறு விதமாகக் கையாள்கிறது. 1965-ல் வந்த, சட்டமன்ற உறுப்பினர் ஜான் வில்லியம்சன் பெயரால் அறியப்படும் சட்டப்படி, விவசாயி தன் நிலத்தைப் பத்தாண்டுக்கு விவசாயத்திலேயே வைத்திருப்பதாக உள்ளூர் அரசுடன் ஒப்பந்தம் செய்துகொள்கிறார். ஒப்பந்தம் ஆண்டுதோறும் தானாக நீளும். பதிலுக்கு, மனை விலையில் இல்லாமல் விவசாய வருமானத்தை ஒட்டி வரி போடுகிறார்கள். ஒப்பந்தத்தைப் புதுப்பிக்காமல் விட்டுக் காத்திருந்தால் காலப்போக்கில் வெளியேறலாம். இடையில் முறித்துக்கொள்ள வேண்டுமானால், கட்டுப்பாடே இல்லாதிருந்தால் அந்த நிலம் சந்தையில் என்ன போகுமோ அந்த மதிப்பில் 12.5 சதவிகிதம் கட்டணம். இருபதாண்டுக் கடும் ஒப்பந்தம் என்றால் 25 சதவிகிதம்.

மதிப்பை நிர்ணயிப்பவர் கவுன்டியின் மதிப்பீட்டு அதிகாரி. அவர் எழுதிய எண்ணை உரிமையாளருக்கும், நிலப் பாதுகாப்பைக் கவனிக்கும் மாநிலத் துறைக்கும் தெரிவிக்கவேண்டும். எண் சரியில்லை என்று நினைத்தால் முறையான மறுஆய்வு கேட்கும் உரிமை இருவருக்குமே உண்டு. உரிமையாளர் ‘அதிகம்’ என்பார், துறை ‘குறைவு’ என்று சொல்லலாம். கட்டணம் கட்டத் தயாராக இருந்தாலும் வெளியேற்றம் உறுதியில்லை என்பது வேறு விஷயம். உள்ளாட்சி மன்றம் காரணங்களைப் பதிவு செய்யவேண்டும். வேறு பயனுக்கு நல்ல வாய்ப்பு வந்திருக்கிறது என்பது மட்டும் போதாது. ஹேவர்ட் நகரம் தொடர்பான வழக்கில் 1981-ல் மாநில உச்ச நீதிமன்றம் இந்த வாசலை இன்னும் குறுக்கியது. அந்த மாநிலத்தில் விவசாய நிலம் கரையவே இல்லை என்று சொல்ல வரவில்லை. விலையைப் பற்றிய தகராறில் வயலின் பக்கமும் ஒரு நாற்காலி போட்டிருக்கிறார்கள் என்பதைத்தான் சொல்கிறேன்.

கேரளச் சட்டத்தில் அந்த நாற்காலியைப் போட இடமே இல்லையா? இருக்கிறது. நியாயவிலையால் ‘பாதிக்கப்பட்டவர்’ மேல்முறையீடு செய்யலாம் என்றுதான் முத்திரைச் சட்டம் சொல்கிறது. 2008-ம் ஆண்டுச் சட்டத்தில் பஞ்சாயத்துத் தலைவர், வேளாண் அலுவலர், கிராம அலுவலர், விவசாயிகளின் பிரதிநிதிகள் அடங்கிய உள்ளூர்க் கண்காணிப்புக் குழுவும் ஏற்கனவே உண்டு. விலையைக் குறைக்கச் சொல்லி மனு வரும்போது இந்தக் குழுவுக்கு ஒரு நகல் அனுப்பி, குறிப்பிட்ட நாளுக்குள் எதிர்வாதம் வைக்கச் சொல்லலாம். விலை வெளிப்படையாகவே குறைவு என்றால் குழுவே மேல்முறையீடு செய்யலாம். புதிய துறையோ கட்டடமோ தேவையில்லை.

பக்கத்து வயலின் பாடு

விலை குறைவதால் யாருக்கு என்ன நஷ்டம் என்று கேட்கலாம். கேரளத்தில் வயல் தனியாகக் கிடப்பதில்லை. ‘பாடசேகரம்’ என்று சொல்லப்படும் தொகுதியாகக் கிடக்கிறது. தண்ணீர் ஒருவர் வயலிலிருந்து அடுத்தவர் வயலுக்கு இறங்கி, பொதுவான வாய்க்காலில் வடிகிறது. நடுவில் ஒருவர் மண்ணைக் கொட்டி உயர்த்தினால் மேல் வயலில் தண்ணீர் தேங்கும், கீழ் வயலுக்கு வராது. அறுவடை இயந்திரம் இறங்கும் பாதையும் அடைபடும். இரண்டு போகம் ஒன்றாகி, ஒன்று தரிசாகும். தரிசு கிடக்கும் வயலின் உரிமையாளர் சில வருடங்களில் தானும் மனுவோடு வரிசையில் நிற்பார். முதல் மேட்டின் கட்டணம் மலிவாக இருந்தது இரண்டாவது மேட்டுக்கு வழி செய்கிறது. குட்டநாட்டிலும் திருச்சூரின் கோள் நிலங்களிலும் வயல்தான் வெள்ளத்தை வாங்கிவைக்கும் தொட்டி. வேம்பநாடு–கோள் ஈரநிலம் 2002-லேயே சர்வதேச முக்கியத்துவமுள்ள ஈரநிலங்களுக்கான ராம்சர் பட்டியலில் ஏறியது. 2018 ஆகஸ்ட் வெள்ளத்துக்குப் பிறகு அந்தத் தொட்டியின் மதிப்பைத் தனியாக விளக்கவேண்டியதில்லை. ஆனாலும் நியாயவிலை ஏட்டில் அதற்கென்று ஒரு பத்தி கிடையாது.

வயலை வயலாகவே வைத்திருப்பவருக்கு அரசு என்ன தருகிறது என்று பாருங்கள். 2020-ல் ‘ராயல்டி’ என்ற பெயரில் ஊக்கத்தொகை தொடங்கியபோது ஹெக்டேருக்கு ஆண்டுக்கு ₹2,000 என்று நிர்ணயித்தார்கள். ஒரு சென்டுக்கு எட்டு ரூபாய். ஒரு டீயின் விலைகூட இல்லை. மாற்றுவதற்கான விலை குறைவு, வைத்திருப்பதற்கான பரிசு அதைவிடக் குறைவு. இந்த இரண்டு எண்களுக்கும் நடுவில்தான் விவசாயி முடிவெடுக்கிறார்.

எதிர்க் கேள்விகள்

‘ஏற்கனவே மனுக்கள் வருஷக்கணக்கில் கிடக்கின்றன. இன்னொரு தரப்பையும் உள்ளே விட்டால் சாதாரணக் குடும்பம்தான் சாகும்’ என்பது முதல் ஆட்சேபம். நியாயமான கவலை. ஆனால் 25 சென்ட் வரை கட்டணமே இல்லை என்பதால் வீடு கட்ட அலையும் சிறு உரிமையாளர்களுக்கு நியாயவிலைத் தகராறே எழாது. தகராறு எழுவது அதற்கு மேல்தான். எதிர்வாதத்துக்குக் காலக்கெடு வைத்து, அதற்குள் குழு வாய் திறக்காவிட்டால் உரிமையாளர் சொன்னதை வைத்தே முடிவெடுக்கலாம். ஓர் ஏக்கருக்கு மேற்பட்ட நிலத்துக்கு மட்டும் எதிர்வாதம் என்று எல்லை வைத்தாலும் எனக்குச் சம்மதம்தான். காட்டையே வெட்டிப் போடுகிறவரை விட்டு விறகு பொறுக்குகிறவரைப் பிடிக்க வேண்டியதில்லை.

இரண்டாவது ஆட்சேபம் இன்னும் கனமானது. ‘அறிவிக்கப்படாத நிலத்தில் பெரும்பகுதி இப்போது வயலே இல்லை. ஏட்டின் தவறுக்கு உரிமையாளரிடம் கட்டணம் வாங்குவதே அநியாயம், இதில் விலையை ஏற்றச் சொல்கிறீர்களா?’ ஏட்டின் தவறு என்று நிரூபிக்கப்பட்ட இடத்தில் கட்டணமே வேண்டாம் என்பேன். ஆனால் செயற்கைக்கோள் படத்தில் அண்மைக்காலம் வரை பச்சையாக இருந்த துண்டையும் அந்த வரிசையில் சேர்க்கக் கூடாது. இரண்டையும் பிரிக்கவேண்டிய கருவி நிலத்தின் வரலாறு. அதை விலையில் கைவைத்து ஈடுகட்டப் பார்ப்பதால்தான் குழப்பம். தவறான ஏட்டால் பாதிக்கப்பட்டவருக்கு விலையைக் குறைத்துக் கருணை காட்டினால், அதே குறைந்த விலை பக்கத்தில் லாரியில் மண் கொட்டி வயலை மேடாக்கியவருக்கும் சேர்த்துக் கிடைத்துவிடுகிறது.

‘வயலைக் காக்க வேண்டுமானால் தடை போடுங்கள், விலை பேசாதீர்கள்’ என்று சூழலியல் பக்கத்திலிருந்தும் ஒரு குரல் வரும். அந்தக் குரலோடு எனக்குப் பெரிய சண்டை இல்லை. ஆனால் தடை 2008 முதல் இருக்கிறது, விடுமுறை நாட்களும் இருக்கின்றன. கட்டணம் என்ற வாசலை 2018-ல் அரசே திறந்துவிட்டது. மூடும் வரையில், அதில் வசூலாகும் தொகை உண்மையான மதிப்பின் மேல் வசூலாகட்டும். அந்தப் பணம் தரிசு வயல்களை மீண்டும் விளையவைக்கும் வேளாண் வளர்ச்சி நிதிக்குப் போகவேண்டும் என்பது சட்டத்திலேயே இருக்கிறது. நூற்றுக்கணக்கான கோடி ரூபாய் வசூலானபிறகும் அது பொதுக் கஜானாவிலேயே தங்கிவிட்டதால், நிதிக்கு மாற்றச் சொல்லி 2024-ல் கேரள உயர் நீதிமன்றம்தான் உத்தரவிட வேண்டியிருந்தது. நியாயவிலையில் ஒரு துண்டுக்குக் குறையும் ஒவ்வொரு ஆயிரத்திலும் நூறோ இருநூறோ அந்த நிதியிலிருந்து கழிகிறது. கலெக்டர் முன்னால் மேல்முறையீட்டுக் கோப்பு விரிக்கப்படும்போது அதைச் சொல்லவேண்டிய வேளாண் அலுவலருக்கு, விசாரணை எந்தத் தேதியில் என்பதைத் தெரிவிக்கும் கடிதம்கூட இன்றைக்குப் போவதில்லை.